ஸ்காட்லாந்து மலைநாடும் தீவுகளும்: சிறு குழுப் பயணம் பற்றிக் கேள்வி பதில்

ஸ்காட்லாந்தின் ஹைலாண்ட்ஸ் மலைப்பகுதிக்கும் அதன் மேற்கு, வடக்குத் தீவுகளுக்கும் சிறு குழுவாக வேனில் போய்வருவது பற்றிப் பலரும் கேட்டிருந்தார்கள். இன்வர்னெஸ் நகரில் வசித்தபடி தமிழ்க் குடும்பங்களுக்கு இந்தப் பயணங்களைத் திட்டமிட்டுக் கொடுக்கும் ஒருவர் பதில் சொல்கிறார்.

கோவையிலிருந்து, ஓய்வுபெற்ற வங்கி அலுவலர்: மகனின் பட்டமளிப்பு விழாவுக்காக ஜூன் கடைசியில் நானும் மனைவியும் எடின்பரோ வருகிறோம். விழா முடிந்ததும் நான்கு நாட்கள் கையில் இருக்கும். பெரிய பஸ்ஸா, 16 பேர் போகும் வேனா, அல்லது மகனையே வாடகைக் கார் ஓட்டச் சொல்லலாமா?

மகன் ஓட்டலாம் ஐயா, ஆனால் ஒரு கணக்கைப் பார்த்துக்கொள்ளுங்கள். இந்திய உரிமத்தோடு இங்கே 12 மாதம் வரைதான் கார் ஓட்ட முடியும். அவர் ஓராண்டுப் படிப்பு முடித்தவர் என்றால், குடிவந்த தேதியிலிருந்து எண்ணிப் பாருங்கள், கெடு தாண்டியிருக்கக்கூடும்.

உரிமம் செல்லும் என்றாலும் நான் வேனைத்தான் சொல்வேன். மேற்கே போகப் போகப் பல சாலைகள் ஒற்றைத் தடம். எதிரில் வண்டி வந்தால், ஒதுங்கி நிற்பதற்கென்றே விட்டிருக்கும் இடத்தில் யாராவது ஒருவர் நிற்க வேண்டும்; சில நேரம் பின்னோக்கி ஓட்டியும் போக வேண்டும். பழகியவருக்கு இது ஒன்றும் இல்லை. புதியவர் நான்கு நாட்களும் சாலையை மட்டும் பார்த்துவிட்டு ஊர் திரும்புவார். பட்டம் வாங்கிய பிள்ளைக்கு அது நியாயமா? பெரிய பஸ்ஸுக்கு இந்தச் சாலைகளில் பலவற்றில் வழியே கிடையாது. போகிற இடத்திலும் 50 பேர் இறங்கி ஏறுவதற்குள் பாதி நேரம் போய்விடும். வேனில் ஓட்டுநரே வழிகாட்டி. வெயில் எட்டிப் பார்த்தால் திட்டத்தில் இல்லாத இடத்திலும் நிறுத்துவார். என் கணக்கில் கட்டணத்தில் பாதி அதற்குத்தான்.

பணத்தை மட்டும் பார்த்தால், நான்கு பேர் சேர்ந்து கார் எடுப்பது பெரும்பாலும் மலிவாக முடியும். இரண்டு மூன்று பேருக்கு அந்த வித்தியாசம் சுருங்கிவிடும்.

சென்னையிலிருந்து ஒரு வாசகி: எடின்பரோவில் காலையில் கிளம்பி கிளென்கோ, லாக் நெஸ் ஏரி இரண்டையும் பார்த்துவிட்டு இரவே திரும்பும் ஒருநாள் பயணம் எல்லா இடத்திலும் விளம்பரமாகிறது. போகலாமா?

வேறு நாளே இல்லை என்றால் போங்கள். மொத்தம் சுமார் 12 மணி நேரம், அதில் பெரும்பகுதி இருக்கையில் கழியும். லாக் நெஸ் ஏரி சுமார் 37 கிலோமீட்டர் நீளமும் ஏறக்குறைய 230 மீட்டர் ஆழமும் கொண்டது. இங்கிலாந்து, வேல்ஸ் ஏரிகள் அத்தனையையும் சேர்த்தாலும் இதன் தண்ணீர் அளவுக்கு வராது. ஆனால் கரையில் நின்று பார்ப்பவருக்குக் கரிய நீர்தான் தெரியும். சுற்றியுள்ள நிலத்தின் பீட் மண், அதாவது மக்கிய செடிகொடிகளால் ஆன மண், கலந்த கருமை அது. ஏரியில் இருப்பதாகச் சொல்லும் விலங்கை வைத்து பொம்மைக் கடைகள் நன்றாகப் பிழைக்கின்றன.

கிளென்கோ பள்ளத்தாக்கு வேறு ரகம். 1692 பிப்ரவரியில், விருந்தினராக வந்து தங்கியிருந்த அரசுப் படையினர், தமக்குச் சோறு போட்ட மெக்டொனால்ட் குலத்தாரில் 38 பேரை வெட்டிச் சாய்த்த இடம். அதைக் கேட்டபின் அந்த மலைகளைப் பார்க்கும் விதமே மாறிவிடும். ஒரே நாள்தான் என்றால் ஏரியை விட்டுவிட்டு, கிளென்கோவில் அதிக நேரம் தரும் பயணத்தைத் தேடுங்கள்.

ஸ்கை தீவுக்குக் குறைந்தது மூன்று நாட்கள் வேண்டும். விளம்பரத்தில் எத்தனை இடங்களின் பெயர் இருக்கிறது என்று எண்ணாதீர்கள். ஒரே ஊரில் எத்தனை இரவு தங்குகிறார்கள், ஒவ்வோர் இடத்திலும் எவ்வளவு நேரம் கீழே இறங்க விடுகிறார்கள் என்று கேட்டுப் பாருங்கள். இரண்டாவது கேள்விக்கு நேரான பதில் தராத நிறுவனத்தை நான் யாருக்கும் சொல்வதில்லை.

யாழ்ப்பாணத்தைச் சேர்ந்தவர், இப்போது லண்டனில்: அக்கா, நாங்கள் ஆறு பேர். ஒரு வாரம் விடுப்பு. ஸ்கை, வெளி ஹெப்ரிடீஸ், ஆர்க்னி: மூன்றில் எதற்குப் போகலாம்?

ஒரே வாரத்தில் மூன்றையும் அடைக்காமல் விட்டீர்களே, அதற்கு முதலில் நன்றி தம்பி.

முதல் தடவை என்றால் ஸ்கை. 1995 முதல் பாலம் இருக்கிறது. கப்பலை நம்ப வேண்டியதில்லை. ஸ்டோர் மலையின் கற்றூண், குயிராங் சரிவு, குலின் சிகரங்கள் எல்லாம் படத்தில் பார்த்ததைவிட நேரில் முரட்டுத்தனமாக இருக்கும். ஆனால் எல்லாரும் முதலில் அங்கேதான் வருகிறார்கள். ஜூலை, ஆகஸ்டில் ஃபேரி பூல்ஸ் என்ற அருவிக் குளங்களுக்குப் போகும் பாதையில் வரிசையாக நடக்க வேண்டியிருக்கும். மே அல்லது செப்டம்பரில் வந்தால் மூச்சு விடலாம்.

ஆர்க்னி பழமைக்குப் போகிற இடம். ஹோய் தீவைத் தவிர மலை கிடையாது, பசும்புல் மேடுகள்தான். 1850-இல் அடித்த ஒரு புயல் கடற்கரை மணலை வாரிக்கொண்டு போனபோது ஸ்காரா பிரே என்ற குடியிருப்பு வெளியே தெரிந்தது. சுமார் 5,000 ஆண்டுக்கு முந்தியது. எகிப்தின் கீசா பிரமிடுகளைவிட மூத்தது. மரம் அரிதான தீவு என்பதால் கட்டில், அலமாரி எல்லாவற்றையும் கல்லிலேயே செய்தார்கள்; அதனால்தான் அவை இன்றும் இருக்கின்றன. இரண்டாம் உலகப் போரில் இங்கே சிறைவைக்கப்பட்ட இத்தாலியக் கைதிகள் தகரக் கொட்டகை இரண்டை இணைத்துக் கட்டிய சிற்றாலயத்தையும் தவற விடாதீர்கள். வடகரைத் துறைமுகமான ஸ்கிராப்ஸ்டரிலிருந்து கப்பல் 90 நிமிடம். ஹோய் தீவின் 137 மீட்டர் கற்றூணை ஒட்டிப் போகும். மேல்தளத்துக்குப் போய் நின்றுகொள்ளுங்கள்.

என்னைக் கேட்டால், உங்கள் ஏழு நாட்களையும் வெளி ஹெப்ரிடீஸுக்கே கொடுப்பேன். மேற்குக் கரையின் அல்லாபூலிலிருந்து லூயிஸ் தீவின் ஸ்டோர்னோவேக்குக் கப்பலில் ஏறக்குறைய இரண்டே முக்கால் மணி நேரம். லூயிஸ், ஹாரிஸ் என்று இரண்டு பெயர் இருந்தாலும் நிலம் ஒன்றே. வடக்கில் பீட் சமவெளி. தெற்கே போனால் பாறை, பாறை முடிந்தால் லஸ்கென்டயரின் வெண்மணல். கலனிஷ் கல்வட்டத்துக்குள் நடந்து போய்க் கல்லைத் தொட்டுப் பார்க்கலாம். ஹாரிஸ் ட்வீட் என்ற கம்பளித் துணியை இந்தத் தீவுக்காரர்கள் தங்கள் வீட்டிலேயே கையால் நெய்திருக்க வேண்டும் என்று 1993-இல் நாடாளுமன்றமே சட்டம் போட்டிருக்கிறது. ஆகவே நல்ல வழிகாட்டி உங்களை ஒரு நெசவாளரின் தறிக் கொட்டகைக்கே கூட்டிப்போவார்.

இன்னொரு காரணமும் உண்டு. இந்தியாவின் முதல் தலைமை நில அளவையாளர் காலின் மெக்கன்சி 1754-இல் ஸ்டோர்னோவேயில் பிறந்தவர். தென்னிந்தியா முழுக்க அவரும் உதவியாளர்களும் திரட்டிய சுவடிகளில் பெரும்பகுதி சென்னை அரசினர் கீழ்த்திசைச் சுவடிகள் நூலகத்தில் இருக்கிறது. நம் ஊர்களின் பல பழைய வரலாறுகளைத் தொகுத்து வைத்த மனிதர் புறப்பட்ட துறைமுகம் அது.

ஞாயிற்றுக்கிழமையை மட்டும் கவனியுங்கள். லூயிஸில் ஓய்வுநாளைக் கண்டிப்பாகக் கடைப்பிடிப்பார்கள். ஸ்டோர்னோவேயிலிருந்து ஞாயிறன்று ஃபெர்ரி கிளம்பத் தொடங்கியதே 2009-இல்தான், அதுவும் பெரிய எதிர்ப்புக்கு நடுவே. பெரும்பாலான கடைகள் மூடியிருக்கும். சனிக்கிழமையே சாப்பாட்டுக்கு வழி செய்துகொள்ளுங்கள்.

மதுரையிலிருந்து: நாங்கள் முட்டைகூடச் சாப்பிடாதவர்கள். பட்டினி கிடக்க வேண்டுமா?

வேண்டாம். ஆட்டின் உள்ளுறுப்புகளால் செய்யும் ஹேகிஸுக்கே இங்கே சைவ வகை உண்டு. ஓட்ஸும் பயறும் சேர்ந்தது, நன்றாகவே இருக்கும். சூப் வாங்கும்போது காய்கறிச் சாற்றில் செய்ததா என்று கேளுங்கள். உண்மையான சிக்கல் நேரம்தான். சிற்றூர்களில் சமையலறையைச் சீக்கிரமே மூடிவிடுவார்கள். கோடையில் ஸ்கையின் முக்கிய ஊரான போர்ட்ரீயில் முன்பதிவு இல்லாமல் மேசை கிடைப்பது கடினம். இரவுச் சாப்பாட்டுக்கு முன்கூட்டியே இடம் பிடித்துவிடுங்கள். பருப்புப் பொடியும் ஊறுகாயும் கொண்டுவாருங்கள். விடுதி அறையில் தண்ணீர் கொதிக்க வைக்கும் கெண்டி பெரும்பாலும் இருக்கும், அடுப்பு இருக்காது.

இன்னொன்று. பல நிறுவனங்களின் விளம்பர விலையில் வேன் இருக்கையும் வழிகாட்டியும் மட்டுமே அடக்கம். தங்குமிடம், சாப்பாடு, கோட்டைகளின் நுழைவுச் சீட்டு எல்லாம் தனி. கூட்டிப் பார்த்துவிட்டுப் பணம் கட்டுங்கள்.

சிங்கப்பூரிலிருந்து: மிட்ஜ் என்ற பூச்சியைப் பற்றிப் பயமுறுத்துகிறார்கள். உண்மையா?

உண்மை. கொசுவைவிட மிகச் சிறியது, கூட்டமாக வந்து கடிக்கும். மே முதல் செப்டம்பர் வரை இருக்கும். ஜூன் முதல் ஆகஸ்ட் வரை உச்சம். காற்றில்லாத, ஈரமான, மேகமூட்டமான மாலைதான் அதற்கு உகந்த வேளை. லேசான காற்று அடித்தாலே பறக்க முடியாது. தலையில் மாட்டும் வலையை இங்கே வந்து வாங்குங்கள். அழகு பார்க்காதீர்கள், வழிகாட்டியும் அதைத்தான் மாட்டிக்கொண்டிருப்பார்.

திருச்சியிலிருந்து, வரலாற்று ஆசிரியை: வழிகாட்டிகள் கோட்டை, விஸ்கி, பேய்க்கதை என்று மூன்றோடு நிறுத்திவிடுவார்களா?

சிலர் அப்படித்தான். நல்ல வழிகாட்டி உங்களைக் கல்லோடன் போர்க்களத்தில் நடக்க வைப்பார். ஸ்டூவர்ட் வம்சத்தை மீண்டும் அரியணை ஏற்ற முயன்றவர்களை அரசுப் படை 1746 ஏப்ரல் 16 அன்று தோற்கடித்த இடம்; ஒரு மணி நேரத்துக்குள் முடிந்துபோன சண்டை. அதன் பின் மலைநாட்டின் குலத்தலைவர் முறையே குலைந்தது. வழியெங்கும் கூரையில்லாத கல்வீடுகளைக் காட்டி, ஆட்டு மந்தைக்கு நிலம் வேண்டும் என்று நிலக்கிழார்கள் குடியானவர்களைக் கூட்டம் கூட்டமாக வெளியேற்றிய கதையையும் சொல்வார். வெறிச்சோடிய பள்ளத்தாக்கைப் பார்த்து எவ்வளவு அமைதி என்று நாம் வியக்கும்போது, அந்த அமைதி எப்படி வந்தது என்று அவர் சொன்னால் நீங்கள் கட்டிய காசு வீண்போகவில்லை.

நீங்கள் கேட்கவில்லை, இருந்தாலும் சொல்கிறேன். இன்வர்னெஸ்ஸிலிருந்து ஆர்க்னி கப்பலுக்கு வடக்கே போகும் சாலையில், ஆல்னெஸ் ஊருக்கு மேலே ஃபைரிஷ் என்ற குன்றின் உச்சியில் கல் வளைவுகள் தெரியும். அது நாகப்பட்டினத்தின் கோட்டை வாயிலை நினைவூட்டக் கட்டியது என்பார்கள். 1781-இல் டச்சுக்காரர்களிடமிருந்து நாகப்பட்டினத்தைப் பிடித்த ஹெக்டர் மன்ரோ இந்தப் பகுதிக்காரர். ஊரில் வேலையில்லாதவர்களுக்குக் கூலி கொடுப்பதற்காகக் கட்டினாராம். கூலி நாள் நீளட்டும் என்று மேலே ஏற்றிய கற்களை இரவில் அவரே உருட்டிவிட்டார் என்று ஒரு கதையும் உலவுகிறது. பயணத் திட்டங்களில் பெரும்பாலும் வராது. ஓட்டுநரிடம் முன்னாலேயே கேட்டு வையுங்கள், வண்டியில் இருந்தபடியே காட்டுவார்.

ஹற்றனிலிருந்து: எங்கள் மலையகத்தில் ஹோலிரூட், டன்சினேன் என்று ஸ்காட்லாந்து இடங்களின் பெயர் கொண்ட தேயிலைத் தோட்டங்கள் இருக்கின்றன. அந்த இடங்களை இந்தப் பயணத்தில் பார்க்க முடியுமா?

ஹோலிரூட் எடின்பரோவிலேயே இருக்கிறது; பயணத்துக்கு முந்தின நாள் நடந்தே பாருங்கள். டன்சினேன் பெர்த் பக்கத்துக் குன்று. 1867-இல் உங்கள் மலையகத்தின் லூல்கந்துரையில் தேயிலை பயிரிட்ட ஜேம்ஸ் டெய்லரின் ஊரான ஆகன்பிளே அபர்டீனுக்குத் தெற்கே இருக்கிறது. குழு வேன்கள் அந்தப் பக்கம் போவது அரிது. தனிக் காரில்தான் போக வேண்டும்.

பெங்களூரிலிருந்து: அம்மாவுக்கு 68 வயது, முழங்கால் வலி. எங்கள் பிள்ளைக்கு 4 வயது. இருவரையும் கூட்டி வரலாமா?

அம்மா தாராளமாக வரலாம். ஸ்டோர் ஏற்றத்தை விட்டுவிடச் சொல்லுங்கள். மற்றவர்கள் ஏறி இறங்கும்வரை அவர் போர்ட்ரீ துறைமுகத்தில் தேநீர் குடித்துக்கொண்டிருக்க முடியுமா என்று நிறுவனத்திடம் கேளுங்கள். கில்ட் ராக் பாறைக்குப் பக்கத்து அருவி, ஐலீன் டோனன் கோட்டையின் காட்சி, கிளென்கோவின் மூன்று சிகரங்கள் எல்லாம் வண்டி நிற்கும் இடத்துக்குப் பக்கத்திலேயே. வேனுக்குள் கழிவறை கிடையாது. நிறுத்தும் இடத்திலெல்லாம் போய்வரச் சொல்லுங்கள்.

பிள்ளைக்குத்தான் சிக்கல். 5 வயதுக்கு உட்பட்டவர்களைப் பல நிறுவனங்கள் குழுவில் சேர்ப்பதில்லை. குடும்பத்துக்கென்று தனி வேன் பேசுங்கள். காரில் 12 வயது அல்லது 135 சென்டிமீட்டர் உயரம் வரை குழந்தை இருக்கை இங்கே சட்டப்படி கட்டாயம்; வேனிலும் அதைப் போட்டுத் தரச் சொல்லி வையுங்கள்.

கொழும்பிலிருந்து: ஐரோப்பாவுக்கான ஷெங்கன் விசா இருக்கிறது. போதுமா?

போதாது. பிரிட்டன் விசா தனியாக வேண்டும்.

சேலத்திலிருந்து ஒரு பெண்: தனியாக வருகிறேன். என்ன துணி, எவ்வளவு சாமான்?

தனியாக வருபவர்களுக்குச் சிறு குழு மிக நல்லது. இரண்டாம் நாளே பெயர் சொல்லிப் பேசிக்கொள்வீர்கள். ஒருவருக்கான அறைகள் குறைவு, அதனால் சீக்கிரம் பதிவு செய்யுங்கள். சாமான் ஒரு சிறு பெட்டிதான். எடை வரம்பு விமானத்தைவிடக் குறைவாக இருக்கும், பெரிய சூட்கேஸை எடின்பரோவிலேயே விட்டு வாருங்கள். நீர் புகாத மேலங்கியும் பிடிப்புள்ள காலணியும் அவசியம், குடை வீண். ஜீன்ஸ் நனைந்தால் நாள் முழுக்கக் காயாது. ஜூனில் வந்தால் கண்மறைப்புத் துணி ஒன்று எடுத்து வாருங்கள். இரவு 10 மணிக்கும் வெளிச்சம் இருக்கும். டிசம்பரில் மாலை 3.30 மணிக்கெல்லாம் பொழுது சாய்ந்துவிடும், அப்போது தீவுகள் பக்கம் வராதீர்கள்.

துபாயிலிருந்து: காற்றடித்துக் கப்பல் நின்றுவிட்டால்?

நிற்கும், கோடையிலும் நிற்கும். நிறுவனம் வழியை மாற்றி வேறு இடம் காட்டும். அந்த மாற்றத்துக்குப் பணம் திரும்பக் கிடைக்குமா என்பதை ஒப்பந்தத்தில் படியுங்கள். தீவில் மாட்டிக்கொண்டால் கூடுதல் இரவுச் செலவு யாருடையது என்பதையும் எழுத்தில் வாங்குங்கள். பயணக் காப்பீடு எடுங்கள். ஊர் திரும்பும் விமானத்தைப் பயணம் முடியும் நாளிலேயே போடாமல் ஒரு நாள் விட்டுப் போடுங்கள்.

அவரே: ஓட்டுநருக்கு டிப்ஸ் தர வேண்டுமா?

கட்டாயமில்லை, ஆனால் வழக்கம் உண்டு. கடைசி நாள் இறங்கும்போது கையில் கொடுங்கள். ஸ்காட்லாந்து வங்கிகள் அச்சிடும் நோட்டுகளும் செல்லும். மீதமுள்ள அந்த நோட்டுகளை இங்கேயே செலவழித்துவிடுங்கள். துபாயில் மாற்றுவது கடினம்.