கேரில் ஆன் ஃபுகேட் கொலைகாரனின் கூட்டாளியா, பிணைக்கைதியா?

நீதிமன்றத் தீர்ப்பின்படி கூட்டாளி. அந்தத் தீர்ப்பை என்னால் ஏற்க முடியவில்லை.

1958 ஜனவரியில், அமெரிக்காவின் நெப்ராஸ்கா மாநிலத்தில் தொடங்கி 19 வயது சார்லஸ் ஸ்டார்க்வெதர் சில நாட்களுக்குள் பத்துப் பேரைக் கொன்றான். முதல் பலிகள் அவன் காதலி கேரிலின் தாய், தாயின் இரண்டாம் கணவர், இரண்டு வயதுத் தங்கை. கேரிலுக்கு அப்போது 14 வயது.

அவளைச் சிக்கவைத்தது லிங்கன் நகரில் இருந்த அவள் குடும்பத்தின் வீடுதான். உடல்களைப் பின்புறம் மறைத்துவிட்டு அவன் ஆறு நாட்கள் அங்கேயே தங்கினான், அவளும் உடனிருந்தாள். எல்லோருக்கும் ஃப்ளூ காய்ச்சல், யாரும் வர வேண்டாம் என்று கதவில் ஒரு சீட்டு. தேடி வந்த உறவினர்களை அவளே வாசலில் நின்று திருப்பி அனுப்பினாள். தப்பிக்க வாய்ப்பிருந்தும் ஓடவில்லையே என்றது அரசுத் தரப்பு. குடும்பம் வேறிடத்தில் பிணையாக இருக்கிறது, சொன்னபடி கேட்காவிட்டால் கொன்றுவிடுவார்கள் என்று அவன் மிரட்டியதை நம்பினேன் என்றாள் அவள். மிரண்டுபோன பதினான்கு வயதுப் பிள்ளை அதை நம்பியிருக்கவே மாட்டாள் என்று எப்படி அடித்துச் சொல்ல முடியும்? வயோமிங்கில் போலீஸ் அதிகாரியைக் கண்டதும் அவள் அவரிடம்தான் ஓடினாள்.

பிடிபட்ட புதிதில் அவளுக்குத் தொடர்பில்லை என்ற ஸ்டார்க்வெதர், பிறகு பேச்சை மாற்றி அவளுக்கு எதிராகவே சாட்சி சொன்னான். 1959 ஜூனில் மின்சார நாற்காலியில் அவன் உயிர் போனது. ஆயுள் தண்டனை பெற்ற கேரில் 1976இல் பரோலில் வெளிவந்தார். மன்னிப்புக் கேட்டு அவர் கொடுத்த மனுவை 2020இல் நெப்ராஸ்கா மன்னிப்பு வாரியம் நிராகரித்துவிட்டது.