எழுதும்போதே உரிமை வந்துவிட்டது, புரோக்கர் எதற்கு?

கேள்வி: என் கணவர் ஜப்பானியர். டோக்கியோவில் ஒரு சவுண்ட் ஸ்டூடியோ ஊழியர். படங்களுக்கு ஒலி வடிவமைப்பு செய்கிறார். இப்போது வீட்டில் ஒரு திரைக்கதை எழுதியிருக்கிறார், தயாரிப்பாளர் ஒருவர் கேட்கிறார். “முதலில் அரசிடம் பதிப்புரிமை பதிவு செய்யணும்” என்று ஒரு இடைத்தரகர் பெரிய தொகை கேட்கிறார். கொடுக்கலாமா? ஒலி வேலையில் இவருக்கு எந்த உரிமையும் மிஞ்சியதில்லை, இதிலும் அப்படித்தானா?

பதில்: ஒரு யென்கூடக் கொடுக்காதீர்கள். ஜப்பானில் எழுதும்போதே உரிமை பிறந்துவிடுகிறது, பதிவு தேவையில்லை. அதோடு, எழுதிய தேதியைப் பதிவு செய்யும் வசதி கணினி நிரல்களுக்கு மட்டும்தான். வெளிவராத திரைக்கதைக்கு அந்த இடைத்தரகர் எதைப் பதிவு செய்வாராம்? தேதிக்குச் சாட்சி வேண்டுமென்றால், கையெழுத்திட்ட பிரதியை நோட்டரி அலுவலகத்தில் கொடுத்தால் தேதி முத்திரை குத்துவார்கள். கட்டணம் 700 யென். அன்றைக்கு அந்தத் தாள் இருந்தது என்பதற்கு அது சாட்சி. எழுதியது யார் என்பதற்கு அல்ல.

ஒலி விஷயத்தில் உங்கள் வருத்தம் நியாயமானது. ஜப்பான் பதிப்புரிமைச் சட்டத்தில் படத்தின் படைப்பாளிகளைச் சொல்லும் 16-ஆம் பிரிவு தயாரிப்பு, இயக்கம், ஒளிப்பதிவு, கலை என்று பெயர் சொல்லிவிட்டு, ஒலியை ‘முதலியன’வுக்குள் தள்ளிவிட்டது. அப்படியே படைப்பாளி என்று ஒப்புக்கொண்டாலும், 29-ஆம் பிரிவு படத்தின் உரிமையைத் தயாரிப்பாளரிடம் கொடுத்துவிடும். திரைக்கதை அப்படியல்ல. படமான பிறகும் அது தனிப் படைப்பு, எழுதியவருக்கே சொந்தம்.

அவர் ஸ்டூடியோ ஊழியர் என்பதால் ஒன்றை நிதானமாகச் சொல்கிறேன். நிறுவனம் எழுதச் சொல்லி, ஊழியர் வேலையின் பகுதியாக எழுதி, நிறுவனத்தின் பெயரில் வெளிவருவதென்றால், அது நிறுவனத்தின் படைப்பு. மூன்றும் சேர வேண்டும். உங்கள் கணவரின் வேலை ஒலி வடிவமைப்பு. திரைக்கதை அவராக எழுதியது. ஸ்டூடியோ கணினியில் நாலு பக்கம் தட்டியிருந்தாலும் அதனால் உரிமை மாறாது. ஆனாலும் வம்பு எதற்கு, இனி வீட்டுக் கணினியிலேயே எழுதட்டும். அப்புறம், உதாரணத்துக்கு, ‘ஷட்டர் இறங்குகிறது. ஃபிரிட்ஜின் முனகல் மட்டும்’ என்று அவர் எழுதினால், அந்த எழுத்துக்குப் பாதுகாப்பு உண்டு. நிசப்தத்தில் ஃபிரிட்ஜ் ஒலிக்கலாம் என்ற யோசனைக்கு இல்லை. அதனால் டீக்கடையில் கதை சொல்ல வேண்டாம், எழுத்தாகவே அனுப்பட்டும்.

உண்மையான பொறி ஒப்பந்தத்தில்தான் இருக்கிறது. ‘27, 28-ஆம் பிரிவுகளின் உரிமைகள் உட்பட’ என்று ஒரு வரி வந்தால் பேனாவைக் கீழே வைக்கச் சொல்லுங்கள். மறு ஆக்கம், தொடர்ச்சி, மங்கா (ஜப்பானியப் படக்கதை) எல்லாம் அந்த வரியோடு போய்விடும். அந்த எண்கள் இல்லாமல் ‘முழு உரிமையும் மாற்றுகிறேன்’ என்று மட்டும் இருந்தால், அவை எழுதியவரிடமே தங்குவதாகச் சட்டம் கருதும். கொடுக்க வேண்டியது இந்த ஒரு படத்துக்கான அனுமதி மட்டுமே.

“படம் ஓகே ஆனதும் சம்பளம்” என்று திருத்த வேலை வாங்குவது அங்கே பழைய நோய். 2024 நவம்பர் 1 முதல், தனியாக வேலை எடுத்துச் செய்பவர்களைக் காக்கும் ஃப்ரீலான்ஸ் சட்டம் இருக்கிறது: வேலை கொடுத்தவுடன் விவரமும் தொகையும் எழுத்தில் வர வேண்டும், ஒப்படைத்த 60 நாளுக்குள் பணம் வர வேண்டும். இவ்வளவு சாதாரண விஷயத்துக்கு 2024 வரை காத்திருந்தார்கள்! அடுத்த திருத்தம் கேட்கும்போது, தொகை எழுதிய மின்னஞ்சல் வந்த பிறகே அவர் உட்காரட்டும்.