கேள்வி பதில்: ஏணி ஏறிய நாய்

கே: இடிந்த வீட்டுச் சுவர்மேல் ஊமைப்படக் காமெடி நடிகர் பஸ்டர் கீட்டனை ஒரு நாய் சுற்றிச் சுற்றித் துரத்துகிறதே, அது நிஜமா, கேமரா தந்திரமா?

ப: நிஜம்தான். நாயின் பெயர் லூக், படம் 1920-ல் வந்த 'தி ஸ்கேர்குரோ'. கிரீமைத் தின்றுவிட்டு வாயெல்லாம் வெள்ளையாக வந்து நிற்கிறது லூக். நுரை தள்ளுகிறது, வெறிநாய்தான் என்று நினைத்து ஓட்டமெடுக்கிற கீட்டன், ஏணி ஏறித் தப்பிக்கலாம் என்று பார்த்தால், பின்னாலேயே லூக்கும் ஏணி ஏறுகிறது! அப்புறம் கூரையில்லாத அந்தச் சுவர்மேல் முன்னால் அவர், பின்னால் அது. இரண்டு பேரும் ஒரே ஷாட்டில் தெரிகிறார்கள், ஒட்டுவேலைக்கு இடமே இல்லை.

லூக் யாரோ பயிற்சியாளரிடம் வாடகைக்கு எடுத்த நாய் அல்ல. நடிகர் ரோஸ்கோ ஆர்பக்கிள், அவர் மனைவி மின்டா டர்ஃபி வீட்டுச் செல்லம். 1916-ல் வந்த ஒரு படத்தில் ஆர்பக்கிளின் வீடு கடலில் மிதந்து போய்விட, கரைக்குச் சேதி கொண்டுபோவதே இதுதான். கீட்டன் 1917-லேயே ஆர்பக்கிள் குழுவில் சேர்ந்தவர், ஆக லூக்குக்கு அவர் நன்றாகப் பழகின ஆள். அந்தத் துரத்தலில் கோபத்தைவிட விளையாட்டுதான் எனக்குத் தெரிகிறது.

கே: சொன்னபடி கேட்க எப்படிப் பழக்கினார்கள்?

ப: பழக்கியது ஒரு பக்கம், ஊமைப்படம் என்பது இன்னொரு வசதி. ஒலிப்பதிவே கிடையாது என்பதால், கேமரா ஓடிக்கொண்டிருக்கும்போதே பக்கத்தில் நின்று "வா, உட்கார், குதி" என்று தொண்டை கிழியக் கத்தலாம். பேசும்படம் வந்ததும் அது முடியாமல் போய், சைகையை நம்ப வேண்டியதாயிற்று. தவிர, ஊமைப்படத்தில் ஹீரோவுக்கும் பேச்சு இல்லை, நாய்க்கும் பேச்சு இல்லை. போட்டி சமம்! பல படங்களில் நாய்தான் ஜெயித்தது.

கே: குரங்குகளுக்குக் கோட்டு சூட்டு போட்டு நடிக்கவைத்த படங்கள் பிடிக்குமா?

ப: 1920-களில் ஹால் ரோச் கம்பெனி அப்படி ஒரு வரிசையே எடுத்தது, 'டிப்பி டூ டாட்ஸ்' என்று. எனக்கு ஐந்து நிமிடத்துக்கு மேல் பார்க்க முடியவில்லை. லூக் ஓடுவதை ரசிக்கிற மாதிரி, கழுத்துப் பட்டியோடு முழிக்கிற குரங்கை ரசிக்க வரமாட்டேன் என்கிறது.

கே: தண்டவாளத்தில் கட்டிப்போட்ட நாயகியைக் காப்பாற்ற நாய் ஓடும் படம் எது?

ப: 'டெடி அட் தி த்ராட்டில்', 1917. டெடி கிரேட் டேன் ஜாதி, கன்றுக்குட்டி உயரம். நாயகி குளோரியா ஸ்வான்சன். அவரைக் கட்டிப்போடும் வில்லன் வாலஸ் பீரி, அப்போது அவருடைய நிஜக் கணவர்!