நிகுஷாவாக நடித்தவர் (கடிதம்)

மதிப்பிற்குரிய ஐயா,

எங்கள் திரைப்படக் கழகத்தில் சென்ற மாதம் ‘இளம் இசையமைப்பாளனின் பயணம்’ என்ற ஜார்ஜியப் படத்தைத் திரையிட்டோம். நாட்டுப்பாடல் சேகரிக்க வீடு வீடாகப் போகும் நிகுஷாவாக நடித்த இளைஞரை எங்கள் எல்லோருக்கும் பிடித்துவிட்டது. பெயர் லெவான் அபாஷிட்ஸே. வேறு என்ன படங்களில் நடித்திருக்கிறார் என்று தேடியபோதுதான் 1992-இல், ஜார்ஜியாவிலிருந்து பிரிய முயன்ற அப்காசியப் பகுதியில் நடந்த போரில் கொல்லப்பட்டவர் என்று தெரியவந்தது. அதன்பின் படத்தை முன்பு போல் நினைத்துப் பார்க்க முடியவில்லை. அந்த முகத்தில் அப்போதே சாவின் நிழல் விழுந்திருந்ததாகத் தோன்றுகிறது.

ஒரு கலைஞன் ஏன் போர்முனைக்குப் போக வேண்டும்? உயிரோடு இருந்து நடித்திருந்தால் தன் நாட்டுக்கு இன்னும் அதிகம் செய்திருக்கலாம் அல்லவா? எங்கள் கழக நண்பர் ஒருவரோ, “ஜார்ஜியப் படைதானே அப்காசியாவுக்குள் நுழைந்தது, அவருக்காக நாம் ஏன் வருந்த வேண்டும்?” என்று கேட்டார். எனக்குப் பதில் சொல்லத் தெரியவில்லை. நீங்கள் என்ன நினைக்கிறீர்கள்?

க., திருச்சி

அன்புள்ள க.,

சாவின் நிழல் என்று எழுதியிருக்கிறீர்கள். அதிலிருந்தே தொடங்குகிறேன், ஏனென்றால் அந்த ஒரு சொற்றொடர்தான் உங்கள் கடிதத்தில் என்னை வருத்தியது. அந்த நிழல் படத்தில் இல்லை. படம் வந்தது 1985-இல். அபாஷிட்ஸே 1963-இல் பிறந்தவர், ஆகவே அப்போது அவருக்கு 22 வயது இருக்கும். ஜார்ஜியா அங்கமாக இருந்த சோவியத் ஒன்றியம் இன்னும் பல தலைமுறைகளுக்கு நிற்கும் என்று அதன் எதிரிகள்கூட நம்பிய காலம் அது. ஏழு ஆண்டுகளுக்குள் அந்த நாடே இல்லாமல் போகும், ஜார்ஜியத் தலைநகர் திபிலீசியின் ருஸ்தவேலி அவென்யூவில் பீரங்கிகள் முழங்கும், அப்காசியக் கடற்கரையில் போர் மூளும் என்று அந்தப் படப்பிடிப்பில் யார் நினைத்திருக்க முடியும்? கேமரா முன் நின்றவன் வேலை கற்றுக்கொண்டிருந்த ஓர் இளம் நடிகன், அவ்வளவுதான். நிழலை நாம் பின்னாலிருந்து கொண்டுபோய் அவன் மேல் போர்த்துகிறோம்.

படத்தின் கதையை நினைத்துப் பாருங்கள். ரஷ்யப் பேரரசில் ஜார் மன்னருக்கு எதிராக எழுந்த 1905 புரட்சி நசுக்கப்பட்டபின், 1907-இல் நடக்கிறது. நிகுஷா பாடல்களைத் தேடி வருகிறான். அவனுக்கு வேறு நோக்கமே கிடையாது. ஆனால் அவனோடு ஒட்டிக்கொள்ளும் லேகோ அதை நம்ப மறுக்கிறான். பாட்டு வெறும் போர்வை, உள்ளே புரட்சிச் சதி இருக்கிறது என்று முடிவு கட்டிவிடுகிறான். நிகுஷா மறுக்க மறுக்க லேகோவின் நம்பிக்கை உறுதிப்படுகிறது. சும்மா பாட்டுக் கேட்க வந்தவன் மேல் ஒரு பெரிய கதை ஏற்றப்படுகிறது. அதன் விலையை அவர்கள் போய்த் தங்கிய வீடுகள் கொடுக்கின்றன. நடிகர் இறந்த செய்தியைப் படித்துவிட்டு அவருடைய 22 வயது முகத்தில் விதியைத் தேடும்போது நாம் லேகோவின் வேலையைத்தான் செய்கிறோம். உங்களைக் குறை சொல்வதாக எடுத்துக்கொள்ளாதீர்கள். அகாலத்தில் இறந்த கலைஞர்கள் எல்லோருக்கும் ரசிகர்கள் இதைச் செய்கிறார்கள். அதனால் நேரும் நஷ்டம் பெரிது என்பதால் சொல்கிறேன். அவர் என்ன செய்தார் என்பதைப் பார்ப்பது நின்றுவிடுகிறது.

அவர் செய்தது எளிதான காரியமல்ல. லேகோவாக வரும் கியா பெரட்ஸே பேச்சாலும் ஆர்ப்பாட்டத்தாலும் திரையை நிறைத்துவிடுகிறவர். அவருக்கு எதிரே நிற்கும் இளைஞனுக்குக் கொடுக்கப்பட்ட வேலை பெரும்பாலும் கேட்டுக்கொண்டிருப்பது. பாட்டைக் கேட்க வேண்டும், பெரியவர்களின் புலம்பலைக் கேட்க வேண்டும், தனக்குப் புரியாத அரசியலைக் கேட்க வேண்டும். திரையில் கேட்டுக்கொண்டிருப்பதுபோல் கடினமானது வேறொன்றில்லை என்பது என் எண்ணம். அனுபவம் குறைந்த நடிகர்கள் அந்த இடத்தில் முகத்தை ஏதாவது செய்துவிடுவார்கள். இவர் செய்யவில்லை. 1986 பெர்லின் விழாவில் இயக்குநர் கியோர்கி ஷெங்கெலாயாவுக்குச் சிறந்த இயக்கத்துக்கான வெள்ளிக் கரடி கிடைத்தது. அதில் இந்த அமைதிக்கும் பங்குண்டு என்று நான் நினைக்கிறேன். ஜார்ஜியாவில் அப்படிப் பாடல் சேகரித்தவர்கள் உண்மையிலேயே இருந்தார்கள் என்பதையும் நினைவில் வையுங்கள். திமித்ரி அரகிஷ்விலி அந்த ஆண்டுகளில்தான் பாட்டைப் பதிவுசெய்யும் போனோகிராப் கருவியைத் தூக்கிக்கொண்டு கிராமங்களுக்குப் போனார். அந்தப் பல்குரல் பாட்டுமரபை 2001-இல் யுனெஸ்கோ மானுடப் பாரம்பரியமாக அறிவித்தது.

இப்போது உங்கள் கேள்விக்கு வருகிறேன். கலைஞன் ஏன் போருக்குப் போக வேண்டும் என்று கேட்கிறீர்கள். கலை வேறு, போர் வேறு, நடுவில் ஒரு சுவர் இருக்கிறது என்ற நம்பிக்கை அந்தக் கேள்விக்கு அடியில் இருக்கிறது. 1990-களின் ஜார்ஜியாவில் அந்தச் சுவர் இல்லவே இல்லை. நாட்டின் முதல் ஜனாதிபதி ஸ்வியாத் கம்சகுர்தியா இலக்கிய ஆய்வாளர், மொழிபெயர்ப்பாளர். அவருடைய தந்தை ஜார்ஜிய மொழியின் பெரும் நாவலாசிரியர்களில் ஒருவர். கம்சகுர்தியாவைக் கவிழ்த்தவர்களில் முதன்மையான இருவரைப் பாருங்கள். தேசியக் காவல்படையின் தலைவர் தெங்கிஸ் கிதோவானி சிற்பக்கலை படித்தவர். ‘ம்கெட்ரியோனி’ என்ற ஆயுதக் குழுவின் தலைவர் ஜாபா யோசெலியானி வங்கிக் கொள்ளைக்காகச் சிறை சென்று, பிறகு நாடகவியல் பேராசிரியராகி, நாடகங்களும் எழுதியவர். எதிர்த்தரப்பில் அப்காசியத் தலைவர் விளாதிஸ்லாவ் ஆர்ட்ஸின்பா, பழைய ஹிட்டைட் நாகரிகத்தை ஆராய்ந்த வரலாற்று அறிஞர்.

படித்தவர்களும் எழுதியவர்களும் சிலை வடித்தவர்களும் சேர்ந்து நடத்திய போர் அது. அவர்கள் தம் இனத்தின் மகிமையைப் புத்தகங்களில் படித்து, மேடைகளில் பேசி, நிலப்படங்களில் வரைந்து இளைஞர்களின் கைக்குக் கொடுத்தார்கள். புதிய நாட்டுக்கு அப்போது ஒழுங்கான ராணுவம்கூட இல்லை, காவல்படையும் ஆயுதக் குழுக்களும் தொண்டர்களும்தான். அப்படியிருக்க ஒரு 29 வயது நடிகரைப் பார்த்து, “நீ மட்டும் ஏன் கலையோடு நிற்கவில்லை?” என்று கேட்பதில் எனக்கு மனம் ஒப்பவில்லை. கேட்க வேண்டியவர்கள் மூத்தவர்கள். தலைமையேற்ற நால்வரில் ஒருவருக்கும் படிப்போ கலையோ தடுப்பணையாக இருக்கவில்லை. கலை மனிதனைப் பண்படுத்தும் என்று மேடைக்கு மேடை சொல்கிறோமே, எனக்கு அந்த நால்வரை நினைத்தால் நெஞ்சு கனக்கிறது.

நடிகரின் உயிர் நாட்டுக்கு அதிகம் பயன்படும் என்ற கணக்கையும் விட்டுவிடுங்கள். அவரோடு இறந்த மெக்கானிக்கும் மாணவனும் செலவழிக்கத்தக்கவர்கள் என்று அது முடியும்.

நண்பரின் கேள்வி கடுமையானது, நியாயமானதும்கூட. ஆகஸ்ட் 14, 1992 அன்று ஜார்ஜியக் காவல்படை அப்காசியாவுக்குள் நுழைந்தது. ரயில் பாதையைக் காக்கவும் பிணைக்கைதிகளை மீட்கவும் என்று காரணம் சொன்னார்கள். அப்காசியர்களுக்கு அது படையெடுப்பாகவே இருந்தது. செப்டம்பர் 3 அன்று மாஸ்கோவில் போர்நிறுத்த ஒப்பந்தம் கையெழுத்தானது, நிலைக்கவில்லை. அந்த மாதத்திலேயே அபாஷிட்ஸே இறந்தார். அக்டோபர் 22 அன்று ஜார்ஜியப் படைகளின் பிடியில் இருந்த அப்காசியத் தலைநகர் சுகுமியில் அப்காசிய ஆவணக்காப்பகமும் மொழி, இலக்கிய, வரலாற்று ஆய்வு நிறுவனமும் எரிக்கப்பட்டன. ஒரு சிறிய இனம் தன்னைப் பற்றிச் சேர்த்துவைத்திருந்த காகிதமெல்லாம் சாம்பலானது. ஆர்ட்ஸின்பா முன்பு தலைமை வகித்த நிறுவனம் அது. அடுத்த ஆண்டு செப்டம்பர் 27 அன்று சுகுமி அப்காசியர் கையில் விழுந்தது. இந்த முறை கொலைகளுக்கு ஆளானவர்கள் ஜார்ஜியர்கள். இரண்டு லட்சத்துக்கும் மேற்பட்ட ஜார்ஜியர்கள் வீடிழந்தார்கள், பெரும்பாலோர் இன்றுவரை திரும்பவில்லை.

இதையெல்லாம் தெரிந்துகொண்டே அவருக்காக வருந்தலாம். எரிந்த காப்பகத்துக்காகவும் அதே மனதோடு வருந்த வேண்டும். ஒன்றுக்காக அழுதால் மற்றதை மறுத்துவிட்டோம் என்று ஆகாது. எந்தப் பக்கம் நியாயம் என்று தீர்ப்புச் சொன்னபிறகுதான் இறந்தவருக்கு இரங்கலாம் என்று வைத்துக்கொண்டால், போரை நடத்தியவர்களின் அளவுகோலை நாமும் கையில் எடுத்துக்கொண்டதாகிவிடும். உங்கள் நண்பரிடம் இதைச் சொல்லுங்கள். அவர் ஒப்புக்கொள்ளாவிட்டாலும் பரவாயில்லை, அப்காசியர் பக்கத்தை நினைவூட்டியதற்கு என் நன்றியையும் சொல்லுங்கள்.

எனக்கு உண்மையில் தாங்க முடியாதது வேறு. நடிகனுக்கு வயதுதான் மூலதனம். செர்கோ ஸகாரியாட்ஸே ‘சிப்பாயின் தந்தை’ படத்தில் நடித்தபோது 55 வயதை எட்டியிருந்தார். போரில் காயம்பட்ட மகனைத் தேடிப் புறப்படும் கிழவராக அவர் நடக்கும் நடையை 25 வயதில் யாராலும் நடக்க முடியாது. நீங்கள் பார்த்த அதே படத்தில் நடித்த ஸுராப் கிப்ஷிட்ஸே பிறகும் மேடையிலும் திரையிலும் தொடர்ந்து நடித்து முதியவரானார். அபாஷிட்ஸேயின் நரைத்த தலை நமக்குக் கிடைக்கவில்லை. அவர் உயிர்பிழைத்திருந்தாலும் பல ஆண்டுகள் சும்மா இருக்க நேர்ந்திருக்கும். 1990-களில் திபிலீசியில் மின்சாரமும் குளிர்காலத்துக்கான எரிபொருளும் இல்லை, படத் தயாரிப்பு ஏறக்குறைய நின்றேபோனது. ஆனால் காத்திருந்தவர்களுக்குப் பின்னர் படங்கள் வந்தன. காத்திருக்கும் வாய்ப்பே அவருக்கு இல்லை.

கழகத்தில் அடுத்து என்ன திரையிடலாம் என்று யோசித்தால், ஸாஸா உருஷாட்ஸே 2013-இல் எடுத்த ‘டாஞ்சரின்ஸ்’ படத்தைப் பரிந்துரைக்கிறேன். அதே போர், அதே ஆண்டு. அப்காசியாவில் ஒரு எஸ்டோனியக் கிராமத்து முதியவர், காயம்பட்ட இரண்டு எதிரிகளைத் தன் வீட்டிலேயே வைத்துப் பராமரிக்கிறார். ஒருவன் அப்காசியர் பக்கம் போரிடும் செச்சென்யக் கூலிப்படை வீரன். மற்றவன் ஜார்ஜியன், போருக்கு முன் நடிகனாக இருந்தவன். அபாஷிட்ஸேயை வைத்து எழுதிய பாத்திரம் என்று நான் சொல்ல வரவில்லை. அப்படிச் சொன்னால் நானும் லேகோ ஆகிவிடுவேன். உங்கள் நண்பரை அவசியம் அழைத்து வாருங்கள். படம் முடிந்ததும் என்ன பேசினீர்கள் என்று எழுதுங்கள்.

அன்புடன்