பத்து இடமா, ஒரு தெருவா?

கேள்வி: பிப்ரவரி விடுமுறைக்கு டொமினிகன் குடியரசு போகிறோம். புந்தா கானாவில் ஒரு கடற்கரை ரிசார்ட்டில் ஐந்து நாள். விமான டிக்கெட், அறை எல்லாம் போட்டாகிவிட்டது. ஊரிலிருந்து வந்திருக்கும் என் மாமியாரும் வருகிறார், ரிட்டயர்டு சரித்திர டீச்சர். “கொலம்பஸ் கட்டின ஊர் பக்கத்துலயே இருக்காம். அதைப் பார்க்காம கடல்ல காலை நனைச்சுட்டு வர்றதா?” என்கிறார். சாண்டோ டொமிங்கோவுக்கு ஒரு நாள் பஸ் டூர் இருக்கிறது. காலை ஆறரைக்குக் கிளம்பி இரவு ஏழரைக்குத் திரும்ப வேண்டும். பத்து இடங்கள், மதியச் சாப்பாடு, கைடு எல்லாம் சேர்த்து. என் கணவருக்குத் துளியும் இஷ்டமில்லை, பாதி நாள் பஸ்ஸிலேயே போய்விடும் என்கிறார். அத்தைக்கு முழங்கால் வலி உண்டு. சுத்த சைவம். புடவை தவிர வேறு உடுத்த மாட்டார், சர்ச்சுக்குள் விடுவார்களா? பத்து வயதுப் பையன் வேறு. போகலாமா, வேண்டாமா?
— ஒரு வாசகி, நியூ ஜெர்சி

பதில்: உங்கள் கணவர் கணக்கில் கெட்டிக்காரர். புந்தா கானாவிலிருந்து சாண்டோ டொமிங்கோ கிட்டத்தட்ட 200 கிலோமீட்டர். காரில் நேராகப் போனால் இரண்டரை மணி நேரம். டூர் பஸ் நேராகப் போகாது. நாலைந்து ரிசார்ட் வாசலில் நின்று தூக்கக் கலக்கத்தில் வருகிறவர்களை ஏற்றிக்கொள்ளும். வழியில் ஒரு நினைவுப்பொருள் கடையில் பாத்ரூம் போக என்று இறக்கிவிடும். போக வர ஆறு மணி நேரமாவது சாலையில் கரையும். இருந்தும் போய்விட்டு வாருங்கள் என்றுதான் சொல்வேன். அந்தப் பத்து இட டூர் மட்டும் வேண்டாம்.

முதல் தடவை நான் போனது அப்படி ஒன்றில்தான். ஒரே பஸ்ஸில் மூன்று மொழிக்காரர்கள். கைடு ஒவ்வொரு வாக்கியத்தையும் மூன்று தடவை சொல்ல வேண்டும், நமக்கான முறை வருவதற்குள் பஸ் அந்தக் கட்டடத்தைத் தாண்டியிருக்கும். அமெரிக்கக் கண்டத்தின் முதல் கதீட்ரலுக்குப் பதினைந்து நிமிடம் கொடுத்தார்கள். நகைக்கடைக்கு ஐம்பது. கடை வாசலில் நின்று வாட்ச்சைப் பார்த்துப் பார்த்து எரிச்சல் பட்டது இன்னும் நினைவிருக்கிறது. இரண்டாம் தடவை நாங்கள் நாலு பேர் ஒரு காரும் ஒரு கைடும் மட்டும் வைத்துக்கொண்டு, அரை நாள் முழுக்க ஒரே தெருவில் சுற்றினோம். ஊர் அப்போதுதான் பிடிபட்டது.

அதனால் டூர் விற்கிறவரிடம் “எத்தனை இடம் காட்டுவீர்கள்?” என்று கேட்காதீர்கள். “பழைய நகரத்துக்குள் எத்தனை மணி நேரம் நடக்க விடுவீர்கள்?” என்று கேளுங்கள். மூன்று மணி நேரத்துக்குக் குறைவு என்றால் அடுத்த ஆளைப் பாருங்கள். நாலு பேர் குடும்பத்துக்குத் தனி வண்டி கொஞ்சம் கூடுதலாகத்தான் ஆகும், ஆனால் முழங்கால் வலிக்காரர் ஒருவர் கூட இருக்கும்போது அது ஆடம்பரமில்லை. திங்கட்கிழமை மட்டும் வேண்டாம், அன்றைக்கு அருங்காட்சியகங்கள் பெரும்பாலும் பூட்டியிருக்கும். கடைசி நாளும் வேண்டாம். மூன்றாம் நாள் வையுங்கள், அதற்குள் கடல் உங்கள் கணவருக்கே கொஞ்சம் அலுத்திருக்கும்.

இனி டீச்சர் விஷயம். கொலம்பஸ் கட்டின ஊர் என்பது முழுக்கச் சரியில்லை. 1496-ல் ஊரை அமைத்தவர் அவருடைய தம்பி பார்த்தலோமே. அதுவும் ஒசாமா நதியின் கிழக்குக் கரையில். 1502-ல் அடித்த புயலில் அந்த ஊர் போய்விட்டது. அந்த ஆண்டு புது கவர்னராக வந்த ஒவாந்தோ மேற்குக் கரையில் மறுபடி கட்டினார். இன்று நீங்கள் பார்க்கப்போவது அந்த இரண்டாவது ஊரைத்தான். 1990-ல் யுனெஸ்கோ உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்த்ததும் இதைத்தான். (இதை நான் சொன்னதாக அத்தையிடம் சொல்ல வேண்டாம். டீச்சரைத் திருத்தினால் என்ன நடக்கும் என்று எனக்குத் தெரியும்.)

நான் சொன்ன அந்த ஒரே தெருவுக்கு ‘லாஸ் தாமாஸ்’ என்று பெயர், சீமாட்டிகள் தெரு. கொலம்பஸின் மகன் தியேகோவின் மனைவி மரியா தே தொலேதோ தன் தோழிப் பெண்களுடன் உலாவிய தெரு என்பதால் வந்த பெயர். ஒரு முனையில் ஒசாமா கோட்டை, மறுமுனைக்குப் பக்கத்தில் தியேகோவின் மாளிகையான அல்காசார். ஏறக்குறைய சமதளம், உட்கார நிழலும் கிடைக்கும். கல் பாவிய தரை என்பதால் அத்தைக்குப் பட்டைச் செருப்பு வேண்டாம், பிடிமானமுள்ள ஷூ வாங்கிக் கொடுங்கள்.

கோட்டையை 1502-லிருந்து 1508 வரை கட்டினார்கள். உள்ளே இருக்கும் கோபுரத்தில் குறுகலான படிக்கட்டு, பையனும் அப்பாவும் ஏறட்டும், மேலே நின்றால் நதி கடலில் கலக்கும் இடம் தெரியும். அந்த நேரத்துக்கு அத்தை கீழே ஓவியேதோவின் சிலைப் பக்கம் உட்கார்ந்திருக்கலாம். இந்தக் கோட்டைக்குத் தலைவராக இருந்துகொண்டே இந்தத் தீவுகளின் செடி கொடி, பழம், பிராணி எல்லாவற்றையும் எழுதிவைத்த மனிதர் அவர். அன்னாசியைப் பார்த்து அசந்துபோய்ப் படமும் வரைந்து வைத்திருக்கிறார். டீச்சருக்கு இன்னொரு தீனியும் தருகிறேன். நாம் வாய் நிறையச் சொல்லும் ‘கொய்யா’ இந்தப் பக்கத்து மண்ணின் சொல். இங்கே வாழ்ந்த தைனோ மக்கள் ‘குவயாபா’ என்றார்கள், போர்த்துக்கீசியர் வாயில் அது ‘கொய்யாபா’ ஆகி, கப்பலேறி நம் தோட்டத்துக்கு வந்து சேர்ந்தது. சொன்னவர்கள் மிஞ்சவில்லை. அம்மை நோயும் தங்கச் சுரங்க வேலையுமாகச் சில பத்தாண்டுகளில் அந்த மக்கள் சமூகம் அழிந்துபோனது.

அல்காசாரில்தான் கைடுகள் தேன் தடவிப் பேசுவார்கள். 1510-களில் பவளச் சுண்ணாம்புக் கல்லில் எழுந்த மாளிகை, தியேகோவும் மரியாவும் வாழ்ந்த அறைகள், அவர்கள் காலத்துக் கட்டில் என்று. மாளிகை அழகுதான், மறுக்கவில்லை. ஆனால் இடிந்து கிடந்ததை 1950-களில் எடுத்துக் கட்டியிருக்கிறார்கள், அறைகலன்களும் பிற்பாடு கொண்டுவந்து வைத்தவைதான். இதே தியேகோவின் கரும்பாலையில்தான், 1520-களின் தொடக்கத்தில் ஒரு கிறிஸ்துமஸ் சமயத்தில், ஆப்பிரிக்காவிலிருந்து கொண்டுவரப்பட்ட அடிமைகள் கலகம் செய்தார்கள். அமெரிக்கக் கண்டத்தில் பதிவான முதல் பெரிய அடிமைக் கலகங்களில் ஒன்று அது. வரும் வழியில் லா ரோமானா பக்கம் சாலையோரம் கரும்புக் காடு வரும். பஸ்ஸில் எல்லோரும் தூங்கிக்கொண்டிருப்பார்கள். நீங்கள் அத்தையை எழுப்பிவிடுங்கள்.

கதீட்ரல் 1540-களின் தொடக்கத்தில் பயன்பாட்டுக்கு வந்தது. 1586-ல் இங்கிலாந்தின் பிரான்சிஸ் டிரேக் ஊரைப் பிடித்து, கொளுத்தி, 25,000 டூகட் பணம் வாங்கிக்கொண்டுதான் கிளம்பினார். பையனிடம் ‘கடற்கொள்ளைக்காரன்’ என்று சொல்லுங்கள், அத்தை ‘இங்கிலாந்து ராணியே சர் பட்டம் கொடுத்தவன்’ என்று சேர்த்துக்கொள்வார். இரண்டும் சரி.

பையனுக்கு இதைவிட ருசிக்கிற கதை கொலம்பஸின் எலும்புகள். அவர் 1506-ல் ஸ்பெயினில் இறந்தார். மருமகள் மரியாவின் முயற்சியில் எலும்புகள் கடல் தாண்டி வந்து இந்தக் கதீட்ரலில் புதைக்கப்பட்டன. 1795-ல் தீவின் இந்தப் பகுதி பிரான்சின் கைக்குப் போனதும் ஸ்பானியர்கள் தோண்டி எடுத்து ஹவானாவுக்குக் கொண்டுபோனார்கள். 1898-ல் கியூபாவும் கைநழுவிப்போக, அங்கிருந்து ஸ்பெயினில் இருக்கும் செவிய்யா. கதை முடிந்தது என்று பார்த்தால், 1877-லேயே இங்கே கதீட்ரலில் வேலை நடந்தபோது கொலம்பஸ் பெயர் பொறித்த ஓர் ஈயப் பெட்டி கிடைத்திருந்தது. அப்படியானால் ஸ்பானியர்கள் தூக்கிக்கொண்டு போனது யாருடைய எலும்பு? செவிய்யாவில் இருப்பது அவருடையதுதான் என்று மரபணுச் சோதனைக்காரர்கள் சொல்கிறார்கள். இங்கே இருக்கும் பெட்டியை டொமினிகன்காரர்கள் சோதனைக்கு விடவில்லை. எங்கள் கிராமத்தில் பங்காளிகளுக்குள் நிலத் தகராறு வந்தால் பத்திரத்தை வெளியே காட்ட மாட்டார்கள், அந்த ஞாபகம்தான் வந்தது.

அந்தப் பெட்டி இப்போது இருப்பது நதிக்கு அந்தப் பக்கம், 1992-ல் திறந்த ‘ஃபாரோ அ கோலோன்’ என்ற நினைவகத்தில். சிலுவை வடிவில் படுத்துக் கிடக்கும் ராட்சசக் கான்கிரீட் கட்டடம். அதைக் கட்டுவதற்காக அங்கே குடியிருந்த ஏழைக் குடும்பங்களைக் கிளப்பினார்கள். கொலம்பஸ் பெயரை வாய்விட்டுச் சொன்னாலே தரித்திரம், ‘ஃபுக்கு’ பிடிக்கும் என்று நம்புகிறவர்கள் இந்த ஊரில் உண்டு. பெரியவர்கள் ‘அட்மிரல்’ என்று மட்டும் சொல்வார்கள், பாம்பை நாம் ‘நல்லது’ என்கிற மாதிரி. வண்டியிலிருந்தே எட்டிப் பார்த்தால் போதும், இறங்கி ஒரு மணி நேரம் செலவழிக்கத் தேவையில்லை.

அதே பக்கம் இருக்கும் ‘த்ரெஸ் ஓஹோஸ்’, அதாவது ‘மூன்று கண்கள்’, அத்தைக்கு ஆகாது. சுண்ணாம்புப் பாறைக் குகைக்குள் பச்சையும் நீலமுமாக ஏரிகள். பார்க்க அற்புதம், ஆனால் செங்குத்தான ஈரப் படிகளில் இறங்கி, அதே படிகளில் ஏறி வர வேண்டும். டூர்கள் பெரும்பாலும் இதைத்தான் காலையில் முதலில் வைக்கின்றன. இறங்கி ஏறிய முழங்காலோடு அப்புறம் பழைய நகரத்தில் என்ன நடப்பது?

அதற்குப் பதில் கைடிடம் ஒன்று பிடிவாதமாகக் கேளுங்கள். கடற்கரைச் சாலையில் மொந்தெசினோஸ் சிலை இருக்கிறது, பஸ்கள் நிற்காமல் போய்விடும். கடலைப் பார்த்து, வாயருகே கையைக் குவித்துக் கத்தும் ஒரு துறவியின் பிரம்மாண்டமான சிலை, மெக்சிகோ கொடுத்தது. 1511 டிசம்பர் 21, ஞாயிற்றுக்கிழமைப் பிரசங்கம். கேட்டுக்கொண்டிருந்தவர்கள் தியேகோவும், தைனோ மக்களை வேலைக்குப் பங்குபோட்டு வைத்திருந்த பண்ணையார்களும். அவர்கள் முகத்துக்கு நேரே மொந்தெசினோஸ் கேட்டார்: “இவர்கள் மனிதர்கள் இல்லையா?” பெரிய மனிதர்கள் கொதித்துப்போய் மன்னிப்புக் கேட்கச் சொன்னார்கள். அடுத்த ஞாயிறு மேடையேறி அதையே இன்னும் காட்டமாகச் சொன்னார். இது இன்று நமக்குத் தெரிவது, அதை எழுதிவைத்த லாஸ் காசாஸ் என்ற பாதிரியாரால். அவரே அப்போது அப்படி ஆட்களை வைத்திருந்தவர்தான், பிற்பாடு மனம் மாறியவர். அந்த ஊரில் ஒரே இடம்தான் பார்க்க நேரமிருக்கிறது என்றால் நான் இங்கேதான் போய் நிற்பேன். அத்தை வகுப்பெடுக்க ஆரம்பித்தால் கைடை ஓரமாக நிற்கச் சொல்லுங்கள்.

இன்னொன்று, நீங்கள் போவது பிப்ரவரியில். 27-ம் தேதி அவர்களுடைய சுதந்திர நாள், ஊர் முழுக்கக் கொடி பறக்கும். 1844-ல் அவர்கள் சுதந்திரம் வாங்கியது ஸ்பெயினிடமிருந்து இல்லை, பக்கத்து ஹைட்டியிடமிருந்து. கோந்தே தெருவின் கோடியில் இருக்கும் கோட்டை வாசலில்தான் அறிவித்தார்கள். கால் ஒத்துழைத்தால் போங்கள்.

சாப்பாட்டுக்குப் பயமில்லை. ‘மோரோ தே குவாந்துலேஸ்’ என்று கேளுங்கள். குவாந்துலேஸ் என்பது நம் துவரைதான், பச்சையாகப் பறித்துச் சோற்றோடு சேர்த்து வடிப்பார்கள். கூடவே வாழைக்காயை நசுக்கி இரண்டு தடவை பொரித்த ‘தொஸ்தோனெஸ்’, மரவள்ளிக் கிழங்கில் சுட்ட, அப்பளத்துக்கு அண்ணன் மாதிரி இருக்கும் ‘கசாபே’. எச்சரிக்கை ஒன்றுதான்: பருப்பு, பீன்ஸில் ருசிக்காகப் பன்றி இறைச்சித் துண்டோ கோழிச் சாறோ சேர்ப்பது உண்டு. ‘சின் கார்னே’ என்று மட்டும் சொன்னால் கோழியைக் கணக்கில் எடுக்க மாட்டார்கள். ‘சின் கார்னே, சின் போயோ, சின் கால்தோ’ என்று மூன்றையும் சொல்லுங்கள். தாளில் எழுதி அத்தை கையில் கொடுத்துவிடுங்கள், டீச்சர் உச்சரிப்பை இரண்டு நாளில் சரிசெய்துவிடுவார்.

நகைக்கடைக்கு எப்படியும் கூட்டிப்போவார்கள். லாரிமார் என்ற நீலக் கல் உலகத்திலேயே இந்த நாட்டின் பராஹோனா பகுதியில் மட்டும் கிடைக்கிறது, ஆசையிருந்தால் சின்னதாக ஒன்று வாங்குங்கள். போலியும் நிறைய. கைடு கூட்டிப்போகும் கடையில் கைடின் பங்கும் விலையில் சேர்ந்திருக்கும்.

கடைசியாக உடை. கதீட்ரலில் தோளும் முழங்காலும் மூடியிருக்க வேண்டும், அவ்வளவுதான் விதி. புடவை கட்டிய உங்கள் அத்தையை யாரும் ஒரு வார்த்தை கேட்க மாட்டார்கள். ரிசார்ட் ஷார்ட்ஸோடு வண்டியில் ஏறப்போகும் உங்கள் கணவரைத்தான் வாசலில் நிறுத்துவார்கள். ஒரு முழுக்கால் சட்டை மடித்து உங்கள் பையில் வைத்துக்கொள்ளுங்கள்.