செய்தியின் தோரணையைக் கேலி செய்தவர்கள்

கேள்வி: அரசியல்வாதிகளை அல்லாமல், தொலைக்காட்சிச் செய்தியின் பாணியையே கேலி செய்த நிகழ்ச்சிகளில் தாங்கள் எதை முதன்மையானதாகக் கருதுகிறீர்கள்?
— வாசகி, கும்பகோணம்

பதில்: 1994இல் பிபிசி 2இல் ஆறே பகுதிகளாக ஒளிபரப்பான ‘தி டே டுடே’யைத்தான் சொல்வேன். பிபிசி ரேடியோ 4இல் வந்த ‘ஆன் தி ஹவர்’ என்ற தங்கள் வானொலி நிகழ்ச்சியை அர்மாண்டோ இயனூச்சியும் கிறிஸ் மோரிஸும் தொலைக்காட்சிக்கு ஏற்ப வளர்த்தெடுத்ததே இது. முகப்பு இசையின் முழக்கம், திரையெங்கும் சுழலும் எழுத்துகள், வாசிப்பாளரின் இறுகிய முகம் என்று எல்லாமே அசல் செய்தியை அப்படியே ஒத்திருக்கும். சொல்லப்படும் செய்தி மட்டும் அபத்தமாக இருக்கும். ஐடிஎன் செய்தி நிறுவனத்தின் வரைகலைஞர்களே இதன் வரைகலைக் காட்சிகளையும் உருவாக்கியதால், அந்த ஒப்புமையில் எங்கும் பிசிறு தட்டவில்லை.

இதன் உச்சம் ஐந்தாம் பகுதி. வர்த்தக உடன்பாட்டைப் பற்றி நிதானமாகப் பேச வந்த இரு தரப்பினரை, வாசிப்பாளராக நடிக்கும் மோரிஸ் தம் கேள்விகளாலேயே சீண்டிச் சீண்டி, ஆஸ்திரேலியாவுக்கும் ஹாங்காங்குக்கும் இடையே நேரலையிலேயே போர் மூளச் செய்துவிடுகிறார். அடுத்த கணமே போருக்கென்று தனி முகப்பு, தனி இசை, களத்தில் நிருபர்கள் என எல்லாம் தயாராக நிற்கின்றன. 1991 வளைகுடாப் போரை இரவும் பகலும் தொலைக்காட்சியில் பார்த்திருந்த மக்களுக்கு, செய்தி நிறுவனங்கள் போரை எவ்வளவு ஆவலோடு வரவேற்கின்றன என்பதை இதைவிடக் கூர்மையாக யாரும் காட்டியதில்லை என்பது என் உறுதியான கருத்து.

கேள்வி: பொய்யை உண்மைபோலக் காட்டுவது ஏமாற்று வேலை ஆகாதா?
— வாசகர், திண்டுக்கல்

பதில்: நியாயமான ஐயம். மோரிஸ் 1997இல் சேனல் 4இல் நடத்திய ‘பிராஸ் ஐ’ உண்மையிலேயே சிலரை ஏமாற்றியது. ‘கேக்’ என்ற, உலகில் எங்குமே இல்லாத ஒரு போதைப்பொருளுக்கு எதிராக எச்சரிக்கை விடுக்குமாறு பிரபலங்களை அணுகினார்கள். எழுதிக் கொடுத்ததை அவர்களும் கேமரா முன் கவலை தோய்ந்த முகத்தோடு படித்தார்கள். ஆனால், அறியாத எளியவர்கள் எவரும் இதில் சிக்கவைக்கப்படவில்லை. மக்களை எச்சரிக்கும் பொறுப்பை விரும்பி ஏற்றவர்கள், அப்படி ஒரு பொருள் இருக்கிறதா என்று யாரிடமாவது விசாரித்திருக்க வேண்டும். அந்தக் கடமையில் தவறியவர்களை அம்பலப்படுத்தியதால் இந்த ஏமாற்றை நான் நியாயம் என்றே கொள்கிறேன். அவர்களுள் ஒருவரான கன்சர்வேட்டிவ் கட்சி உறுப்பினர், நிகழ்ச்சி ஒளிபரப்பாகும் முன்பே, 1996இல், அந்தப் போதைப்பொருளைப் பற்றிப் பிரிட்டிஷ் நாடாளுமன்றத்தில் கேள்வியே எழுப்பிவிட்டார்.