ஓர் இடைத்தேர்தல் தேசிய அரசியலை மாற்றுமா?

ஒரே ஒரு தொகுதியின் முடிவால் மத்திய ஆட்சி அசையுமா என்று கேட்டிருக்கிறீர்கள். எண்ணிக்கையால் அசையாது, ஆனால் எதிர்க்கட்சிகளுக்கு அது துணிவைத் தந்துவிடும். 1988 அலகாபாத் இடைத்தேர்தலையே எடுத்துக்கொள்ளுங்கள். போஃபர்ஸ் பீரங்கி பேர ஊழல் சர்ச்சைக்கிடையே அமிதாப் பச்சன் பதவி விலகியதால் காலியான அத்தொகுதியில், காங்கிரஸிலிருந்து வெளியேறிய வி.பி. சிங் எதிர்க்கட்சிகளின் ஆதரவுடன் சுயேச்சையாக நின்று, மோட்டார் சைக்கிளில் ஊர் ஊராகச் சென்று வாக்குக் கேட்டு, காங்கிரஸ் வேட்பாளர் சுனில் சாஸ்திரியைத் தோற்கடித்தார். மக்களவையில் நானூறுக்கும் மேற்பட்ட இடங்களை வைத்திருந்த ராஜீவ் காந்தி அரசுக்கு அதனால் உடனடி ஆபத்து எதுவும் இல்லை. ஆயினும் சிதறிக் கிடந்த எதிரணிக்கு ஒரு முகம் கிடைத்தது. இதுவே, என் பார்வையில், வெற்றியைவிடப் பெரிய விளைவு. அதே ஆண்டு அக்டோபரில் எதிர்க்கட்சிகள் சில இணைந்து ஜனதா தளம் உருவானது. 1989 டிசம்பரில் வி.பி. சிங் பிரதமரானார்.